கோட்டையிலிருந்து ஆரம்பிக்காதே

தரங்கம்பாடி,
ஞாயிற்றுக்கிழமை.

அன்புள்ள கயலுக்கு,

அம்மா எழுதுகிறேன். நானும் அப்பாவும் நலம். ஆபீஸ் தோழிகளைக் கூட்டிக்கொண்டு வருகிறேன் என்று நீ சொன்ன நாளிலிருந்து அப்பாவுக்கு இருப்புக்கொள்ளவில்லை. மாடி அறைக்கு வெள்ளையடிக்க ஆள் தேடிக்கொண்டிருக்கிறார். எனக்கு வேறு கவலை. இந்த ஊரை நீ அவர்களுக்கு எப்படிக் காட்டப் போகிறாய்? போனில் சொல்ல ஆரம்பித்தால் "சரிம்மா, வந்து பேசிக்கலாம்மா" என்று வைத்துவிடுவாய். காலமெல்லாம் புவியியல் பாடம் நடத்தியவளுக்குக் கடிதம்தான் வசதி. பாதியில் யாரும் எழுந்து போக முடியாது.

கேட்பது ஒன்றுதான். கோட்டையிலிருந்து ஆரம்பிக்காதே. இங்கே வருகிறவர்கள் நேராகக் கோட்டை வாசலில் இறங்குகிறார்கள், நாலு படம் எடுக்கிறார்கள், சர்ச்சை எட்டிப் பார்க்கிறார்கள், திருக்கடையூருக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பிவிடுகிறார்கள். டேனிஷ்காரர்கள் கட்டி வைத்துவிட்டுப் போன ஊர் என்ற நினைப்புதான் மிஞ்சுகிறது. அவர்கள் இங்கே இருந்தது 1620 முதல் 1845 வரை. அதற்கு முன்பும் இங்கே ஊர் இருந்தது, கோயில் இருந்தது, கடலுக்குப் போகிறவர்கள் இருந்தார்கள். அவர்கள் போன பிறகும் நூற்றெழுபது வருஷத்துக்கு மேல் ஓடிவிட்டது. அதெல்லாம் கணக்கில் வராதா?

முதலில் உப்பனாற்றங்கரைக்குக் கூட்டிப் போ. பார்க்க ஒன்றும் பெரிதாக இல்லை என்று முனகுவார்கள், முனகட்டும். குடகில் பிறந்த காவிரி கல்லணையில் பிரிந்து, கிளை கிளையாகப் பிரிந்து, வயல் வயலாகக் கொடுத்துவிட்டுக் கடைசியில் மிச்சம் மீதியோடு கடலைத் தொடும் இடங்களில் இது ஒன்று. கடைமடை. மேட்டூரில் தண்ணீர் திறந்த செய்தி பேப்பரில் வந்து எத்தனை நாள் கழித்து நம் பக்கத்து வாய்க்காலில் தண்ணீர் தெரியும் என்று தாத்தா எண்ணிக்கொண்டிருப்பாரே, அந்தக் கடைமடை. கோடையில் ஆற்று வாயை மணல் அடைத்துக்கொள்ளும். ஐப்பசி, கார்த்திகையில் வெள்ளம் வந்து உடைத்துக்கொண்டு போகும். ஆறும் கடலும் இப்படி மாறி மாறித் தள்ளிக்கொள்வதில் ஒதுங்கிய மணல்மேட்டின் மேல்தான் ஊர் உட்கார்ந்திருக்கிறது.

இங்கே நின்றுகொண்டு அவர்களிடம் ஒரு கேள்வி கேள். வடக்கே கொள்ளிடம் வாயிலிருந்து தெற்கே நாகப்பட்டினம் வரை எழுபது எண்பது கிலோமீட்டர் இருக்கும். அதற்குள் ஐரோப்பாவில் பாதி வந்து கடை போட்டிருக்கிறது. தேவிக்கோட்டையை 1749-இல் இங்கிலீஷ்காரன் பிடித்தான். இங்கே டேனிஷ்காரன். காரைக்காலில் 1739-இலிருந்து பிரெஞ்சுக்காரன். நாகப்பட்டினத்தில் முதலில் போர்ச்சுகீசியன், 1658-இலிருந்து டச்சுக்காரன். இந்தச் சின்னக் கரையில் இத்தனை பேருக்கு என்ன வேலை?

துறைமுகம் நன்றாக இருந்தது என்று யாராவது சொன்னால் மார்க் கிடையாது. துறைமுகமே இல்லை. கப்பல்கள் கரையிலிருந்து தள்ளி நங்கூரம் போட்டு நிற்கும். ஆணி அடிக்காமல் கயிற்றால் பலகையைத் தைத்த மசூலாப் படகில்தான் சரக்கும் ஆளும் அலையைத் தாண்டி வர வேண்டும். ஆணி அடித்த படகென்றால் இந்த அலை ஓங்கி மணலில் அடிக்கும்போது பிளந்துவிடும். தைத்த படகு வளைந்து கொடுக்கும். படகோட்டி மனசு வைக்காவிட்டால் கவர்னரே ஆனாலும் கரையேற முடியாது. வடகிழக்குப் பருவக்காற்று தொடங்கினால் கப்பல்கள் இந்தக் கரையில் நிற்காமல் ஓடிவிடும். அப்படிப்பட்ட இடத்துக்கு ஏன் வந்தார்கள் என்றால், கரைக்குப் பின்னால் இருந்த நாட்டுக்காக. நெல் விளையும் டெல்டா, ஊருக்கு ஊர் தறி, பக்கத்திலேயே பணத்துக்கு நெருக்கடிப்படும் ஒரு அரசு. கடற்கரையில் ஒரு துண்டு நிலத்தை வாடகைக்கு விடத் தஞ்சாவூருக்குத் தயக்கமில்லை. ஒருத்தனுக்கே எல்லாவற்றையும் கொடுக்காமல் பலருக்குப் பங்கு போட்டதில் சாமர்த்தியமும் இருந்தது என்பது என் அபிப்பிராயம்.

இனி டேனிஷ்காரர்கள் கதை. அவர்கள் தரங்கம்பாடிக்கென்று புறப்படவே இல்லை. நாலாம் கிறிஸ்டியன் அரசர் 1616-இல் கிழக்கிந்தியக் கம்பெனி ஆரம்பித்தார். கண்டி அரசர் அழைக்கிறார் என்ற பேச்சை நம்பி ஓவே ஜெட்டே என்ற இளைஞர் தலைமையில் 1618-இல் கப்பல்கள் இலங்கைக்குக் கிளம்பின. வழியில் நோயில் ஏராளமான ஆட்கள் செத்தார்கள். 1620-இல் போய்ச் சேர்ந்தால், அழைத்ததாகச் சொன்ன காரியம் நடக்கவில்லை. இதற்கிடையில் முன்னாடியே போன கப்பல் ஒன்றைக் காரைக்கால் பக்கம் போர்ச்சுகீசியர்கள் அடித்து நொறுக்கிவிட்டார்கள். அதிலிருந்து உயிர் தப்பிய ரோலண்ட் கிராப்பே தஞ்சாவூருக்கு, அங்கே அரசராக இருந்த ரகுநாத நாயக்கரிடம் வந்து சேர்ந்தார். கப்பலை இழந்தவர் பேசி முடித்ததுதான் இந்த ஊர். 1620 நவம்பரில் ஒப்பந்தம். கோட்டை கட்டிக்கொள்ளலாம், மிளகு வாங்கலாம், வருஷா வருஷம் வாடகை கட்ட வேண்டும். நாயக்கர் டென்மார்க் அரசருக்குத் தங்கத் தகட்டில் எழுதி அனுப்பிய கடிதம் இன்னும் கோபன்ஹேகனில் பத்திரமாக இருக்கிறது.

இதற்கு அடுத்து வருவதுதான் எனக்குப் பிடித்த பகுதி. யாரும் சொல்வதில்லை, நீயாவது சொல். கம்பெனி நொடித்துப்போய், டென்மார்க் ஐரோப்பாவில் சண்டையில் மாட்டிக்கொண்டு, 1640-களுக்குப் பிறகு இங்கே ஒரு கப்பலும் வரவில்லை. ஒரு வருஷம், இரண்டு வருஷம் இல்லை, 1669 வரைக்கும். கோட்டையில் இருந்தவர்கள் ஒவ்வொருவராகச் செத்தார்கள், சிலர் போய்விட்டார்கள். மிஞ்சியவர்களுக்குத் தலைவனாக இருந்தது எஸ்கில்ட் ஆண்டர்சன் கொங்ஸ்பக்கே என்ற ஆள். பெரிய குடும்பத்துப் பிள்ளை இல்லை, சாதாரணமானவர். ஊரிலிருந்து சம்பளமும் கிடையாது, உத்தரவும் கிடையாது. வங்காள விரிகுடாவில் போகிற வங்காளத்துக் கப்பல்களைப் பிடித்து, சரக்கை விற்று, அந்தப் பணத்தில் கோட்டையை வைத்துக்கொண்டிருந்தார். சுத்தமான கடற்கொள்ளை, அதை மறைக்க வேண்டாம். தஞ்சாவூரிலிருந்து வாடகை பாக்கி கேட்டுப் படை வரும், இவர் தாக்குப்பிடிப்பார். ஊரைச் சுற்றி மதில் எழும்பியதும் இந்தக் காலத்தில்தான். கடைசியில் 1669-இல் ஃபேரோ என்ற கப்பல் வந்து பார்த்தால், கோட்டை மேல் இன்னும் டென்மார்க் கொடி! அதற்குள் கோட்டைக்குள் இருந்தவர்கள் பெரும்பாலும் நம் ஊர்க்காரர்கள்தான். சோறு போட்டது, காவல் நின்றது, கப்பல் ஓட்டியது எல்லாம் யார் என்று நினைக்கிறாய்? அதனால்தான் சொல்கிறேன், இதைத் 'டேனிஷ் கோட்டை' என்று மட்டும் சொல்லிவிட்டுப் போகாதே என்று.

ஈயக்காசு ஞாபகம் இருக்கிறதா? மழைக்காலம் முடிந்து பள்ளிக்கூடம் திறந்தால், கடலோரத்துப் பையன்கள் யாராவது ஒருத்தன் கால்சட்டைப் பையிலிருந்து எடுத்து மேஜை மேல் வைப்பான். சுண்டுவிரல் நகத்தைவிடக் கொஞ்சம் பெரிசு. கறுத்து, ஓரம் தேய்ந்து, வட்டமும் இல்லாமல் சதுரமும் இல்லாமல் இருக்கும். எலுமிச்சம்பழத்தால் தேய்க்க வேண்டாம்டா என்றால் கேட்க மாட்டான், தேய்த்துவிட்டுத்தான் கொண்டுவருவான். வெயிலில் சாய்த்துப் பார்த்தால் அரசர் பெயரின் எழுத்துக்கு மேல் கிரீடம் தெரியும். இங்கேயே அடித்த காசு. கடைத்தெருவில் கீரையும் மீனும் வாங்கப் புழங்கிய சில்லறை. அலை மணலை வாரிக்கொண்டு போகும்போது அடியில் கிடந்தது மேலே வருகிறது. கோட்டைக்குள் இருக்கும் மியூசியத்தில் கண்ணாடிக்குள் வைத்திருப்பதைவிட அந்தப் பையன் உள்ளங்கையில் பார்த்தால்தான் அது காசு மாதிரி இருக்கும்.

ஊருக்குள் மேற்கிலிருந்து நுழையுங்கள். வெள்ளை வாசல் வளைவு 1790-களில் திரும்பக் கட்டியது. மதில் போய்விட்டது, வாசல் மட்டும் நிற்கிறது. உள்ளே ராஜா தெரு நேராகக் கடலைப் பார்த்துப் போகும். இடப்பக்கம், வலப்பக்கம் என்று ஒவ்வொரு வீட்டுக்கும் நின்று கதை சொல்லாதே, கால் வலிக்கும். சீயோன் ஆலயம் 1701, புதிய எருசலேம் ஆலயம் 1718. இது போதும். ஆனால் ராணி தெரு, பொற்கொல்லர் தெரு, மசூதித் தெரு வழியாகவும் ஒரு சுற்று சுற்றி வா. திண்ணையும் மரத்தூணும் வைத்த நம் வீடுகளும் அதே மதிலுக்குள்தான் இருந்தன. அவற்றில் சிலதை எடுத்துக் கட்டியிருக்கிறார்கள், நன்றாகவே செய்திருக்கிறார்கள். மற்றதெல்லாம் பாகப்பிரிவினை வழக்கில் கூரை இறங்கிக் கிடக்கிறது.

சீகன்பால்க் பாதிரியார் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. 1706 ஜூலை 9-ஆம் தேதி, புளூட்சாவ் என்ற கூட்டாளியோடு வந்து இறங்கினார். இருபத்துநாலு வயதுகூட ஆகாத ஜெர்மன்காரர். அனுப்பியது டென்மார்க் அரசர், ஆனால் இங்கே இருந்த டேனிஷ் கவர்னருக்கு அவரைக் கண்டாலே ஆகவில்லை. 1708-இல் பிடித்துக் கோட்டைச் சிறையில் போட்டார்கள். நாலு மாதம் உள்ளே இருந்தார். உன் தோழிகள் அந்த அறையைப் பார்க்கலாம். அவர் தமிழ் கற்றதுதான் எனக்கு முக்கியம். திண்ணைப் பள்ளிக்கூடத்துப் பிள்ளைகளோடு தரையில் உட்கார்ந்து மணலில் அ, ஆ எழுதினார். கம்பெனிக்குத் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக இருந்த அழகப்பன் பேச்சு சொல்லிக்கொடுத்தார். அப்புறம் சுவடி சேர்க்க ஆரம்பித்தார். ஆளை ஊர் ஊராக அனுப்பி, படித்தவர்கள் இறந்துபோன வீடுகளில் விதவைகளிடம் ஓலைகளை விலைக்கு வாங்கினார். நூற்றுக்கும் மேலான தமிழ்ச் சுவடிகளைப் படித்து 1708-இலேயே பட்டியல் போட்டுவிட்டார், ஒவ்வொன்றைப் பற்றியும் குறிப்போடு. வந்து இரண்டு வருஷத்தில்! நம் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் வைத்ததும் அவர்கள்தான். மதம் மாற்ற வந்தவர் என்பதை நான் மறக்கவில்லை. நம் தெய்வங்களைப் பற்றி அவர் சிரத்தையாக எழுதி அனுப்பிய புத்தகத்தை, உன் வேலை சாத்தானைப் பரப்புவது இல்லை என்கிற தோரணையில் ஜெர்மனியில் அச்சடிக்காமல் போட்டுவிட்டார்கள். அது அச்சானது 1867-இல், சென்னையில்.

அச்சகம் விஷயத்தில் கவனம். "இந்தியாவில் முதலில் தமிழ் அச்சடித்த இடம் இதுதான்" என்று வழிகாட்டிகள் அடித்துவிடுவார்கள். தப்பு. 1578-இலேயே கொல்லத்தில் போர்ச்சுகீசியப் பாதிரிகள் தமிழில் அச்சடித்துவிட்டார்கள். ஆனால் அது நின்றுபோய்விட்டது. இங்கே 1712-இல் லண்டனிலிருந்து அச்சு இயந்திரம் வந்தது, அடுத்த வருஷம் ஜெர்மனியில் ஹாலேயிலிருந்து தமிழ் எழுத்துகள் வந்தன. வந்த எழுத்து ரொம்பப் பெரிசு, காகிதம் தின்றது. அதனால் பக்கத்துப் பொறையாரிலேயே சின்னதாக வார்த்துக்கொண்டார்கள். அதற்கு ஈயம் கிடைக்காமல், இங்கிலாந்திலிருந்து வந்த பாலாடைக்கட்டி டப்பாக்களின் ஈயத் தகட்டை உருக்கினார்கள் என்று கதை. காகிதத்துக்குப் பொறையாரில் ஆலையே வைத்துப் பார்த்தார்கள். புதிய ஏற்பாடு முழுவதும் அச்சாகி 1715-இல் வெளிவந்தது. இந்திய மொழி எதிலும் அதற்கு முன்னால் அது அச்சானதில்லை. இதை மட்டும் சொல், போதும், இதுவே பெரிசு. சீகன்பால்க் 1719-இல் 36 வயதில் இறந்து, தான் கட்டிய புதிய எருசலேம் ஆலயத்துக்குள்ளேயே அடக்கமானார்.

பாதிரிகளும் டாக்டர்களுமாக வந்தவர்கள் வெறுமனே ஜெபம் பண்ணிக்கொண்டிருக்கவில்லை. 1730-களில் இங்கே கருவி வைத்து வெயில், மழை, காற்று எல்லாம் நாள்தோறும் குறித்திருக்கிறார்கள். எனக்கு அது தெரியவந்தபோது, வகுப்பில் பிள்ளைகளை வைத்து மழைமானி அளவு எழுத வைத்ததெல்லாம் வீணில்லை என்று தோன்றியது. 1768-இல் வந்த கோனிக் என்ற மருத்துவர், தாவரங்களை வகைப்படுத்திப் பெயர் வைத்த லின்னேயஸிடம் படித்தவர். செடி கொடி என்று ஒன்று விடாமல் சேகரித்தார். நம் வீட்டு முருங்கை மரத்தில் வந்து உட்காருமே, கழுத்தில் கறுப்புக் கோடு போட்ட சின்னச் செந்நிறப் புறா, அதன் அறிவியல் பெயரில் டிராங்க்யுபாரிகா என்று நம் ஊர் பெயர் இருக்கிறது. ஒரு தோழி பறவை பார்க்கிறவள் என்றாயே, அவளிடம் சொல்.

ஊர் ஏன் இப்படிப் படுத்துவிட்டது என்று கேட்பார்கள். ஐரோப்பாவில் மற்றவர்கள் சண்டை போட்டுக்கொண்டபோதெல்லாம் யார் பக்கமும் சேராத டேனிஷ் கொடிக்கு நல்ல வியாபாரம் ஓடியது. நெப்போலியன் காலத்தில் அந்த வேஷம் கலைந்தது. 1808-இல் இங்கிலீஷ்காரர்கள் ஊரைப் பிடித்து 1815 வரை வைத்துக்கொண்டார்கள். திருப்பிக் கொடுத்தபோது வியாபாரம் செத்திருந்தது. 1845-இல் தரங்கம்பாடியையும் வங்காளத்தில் இருந்த சீராம்பூரையும் சேர்த்துப் பன்னிரண்டரை லட்சம் ரூபாய்க்கு விற்றுவிட்டுப் போனார்கள். கோட்டை, தெரு, உள்ளே இருந்த ஜனங்கள் எல்லாம் ஒரே கிரயத்தில். கொஞ்ச காலம் தஞ்சை ஜில்லா கலெக்டர் இங்கே இருந்து நிர்வாகம் பண்ணினார். 1860 வாக்கில் அதுவும் தஞ்சாவூருக்குப் போய்விட்டது. 1861-இல் நாகப்பட்டினத்துக்கு ரயில் வந்தது. ரயில் எந்தக் கரையில் வந்து நிற்கிறதோ அந்தக் கரைக்குத்தான் கப்பல் வரும். அதோடு முடிந்தது.

நமக்கு ரயில் வந்தது 1926-இல். மாயவரத்திலிருந்து மன்னம்பந்தல், செம்பனார்கோவில், ஆக்கூர், திருக்கடையூர், தில்லையாடி, பொறையார் என்று நின்று நின்று வரும் மீட்டர்கேஜ் பாசஞ்சர். நான் காலேஜுக்குப் போனது அதில்தான். ஆக்கூரில் மோர் விற்கிறவரும் ஏறுவார், வயலிலிருந்து கீரைக்கட்டோடு பெண்களும் ஏறுவார்கள், ஆட்டுக்குட்டியும் ஏறும். லாபமில்லை என்று 1986-இல் நிறுத்திவிட்டார்கள். தண்டவாளத்தைப் பிடுங்கிய பிறகும் மேடு மட்டும் கிடந்தது. கோட்டை விற்றுப் போனதை எல்லாரும் வருத்தமாகச் சொல்கிறார்கள். ரயில் போனதுதான் எங்கள் தலைமுறைக்கு நஷ்டம். வரும் வழியில் தில்லையாடியில் ஒரு நிமிஷம் வண்டியை நிறுத்து. தென்னாப்பிரிக்காவில் சத்தியாக்கிரகத்தில் சிறை போய் 1914-இல் பதினாறு வயதில் இறந்த வள்ளியம்மையின் அம்மா ஊர். காந்தி 1915-இல் அங்கே வந்தார்.

சுனாமியைப் பற்றிக் கேட்பார்கள். 2004 டிசம்பர் 26, ஞாயிறு காலை. நீ சின்னப் பெண், என்ன பார்த்தாய், என்ன ஞாபகம் இருக்கிறது என்று நான் இதுவரை உன்னிடம் கேட்டதில்லை. கேட்கப் போவதுமில்லை. அப்போது நாகை மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரம் பேருக்கு மேல் போனார்கள். நம் ஊரில் நூற்றுக்கணக்கில், பெரும்பாலும் மீனவர் குடியிருப்பில். என் வகுப்பு வருகைப் பதிவேட்டில் பெயர்களை அடிக்க எனக்குக் கை வரவில்லை. அலுவலகத்திலிருந்து யாரோ வந்து செய்தார்கள். உன் தோழிகளிடம் இதை நீ சொல், தப்பில்லை. ஆனால் சுனாமி வந்த இடத்தைக் காட்டு என்று யாராவது கேட்டால் மீனவர் தெருவுக்குள் கூட்டிக்கொண்டு போகாதே. அங்கே அவர்கள் வலை காய வைத்துக்கொண்டும், மீன் தரம் பிரித்துக்கொண்டும் இருப்பார்கள். அவர்களைப் பரிதாபமாகப் பார்க்க ஒரு கூட்டம் வந்துபோவது அவர்களுக்குச் சலித்துவிட்டது. மீன் வாங்கப் போவதென்றால் தாராளமாகப் போங்கள்.

பிறகு மாசிலாமணி நாதர் கோயில். கோட்டைக்குப் பக்கத்திலேயே கடல் ஓரமாக இருக்கிறது. மாறவர்மன் குலசேகர பாண்டியன் காலத்துக் கோயில், பதினாலாம் நூற்றாண்டின் தொடக்கம். கல்வெட்டில் ஊர்ப் பெயர் சடங்கன்பாடி. டேனிஷ்காரர்கள் வருவதற்கு முந்நூறு வருஷம் முந்தியது. முன்பக்கம் முழுக்கக் கடல் தின்றுவிட்டது. எங்கள் அம்மா காலத்தில் சுவாமிக்கும் அலைக்கும் நடுவே இருந்த இடத்தை அவர் கையை நீட்டிக் காட்டுவார். அவர் காட்டிய இடத்தில் நான் பார்க்கும்போதெல்லாம் தண்ணீர்தான் இருந்தது. இப்போது கருங்கல்லைக் கொட்டி வைத்திருக்கிறார்கள். கோட்டைக்கு முன்னால் இருந்த அகழி, வெளி மதில் எல்லாமும் இல்லை.

ஏன் என்று கேட்டால் வாத்தியார் மகளாகப் பதில் சொல். இந்தக் கரையில் மணல் சும்மா இருப்பதில்லை. வருஷத்தில் பெரும்பாகம் தெற்கிலிருந்து வடக்கே நகரும், வாடைக்காலத்தில் திரும்பும். ஆறு கொண்டுவரும் புது மணல் அந்தக் கணக்கை ஈடுகட்டும். 1934-இல் மேட்டூர் அணை கட்டியதிலிருந்து வண்டல் அங்கே தங்கிவிடுகிறது. ஆற்று மணலை லாரியில் அள்ளுவது போதாக்குறைக்கு. வரவு குறைந்தால் கடல் கரையிலிருந்து எடுத்துக்கொள்கிறது. நடுவில் கல் நீட்டினால் ஒரு பக்கம் மணல் சேரும், மறுபக்கம் அரிக்கும். சென்னையில் துறைமுகம் கட்டிய பிறகு தெற்கே மெரினா அகலமானது, வடக்கே ராயபுரம் கரைந்தது. இங்கேயும் மீன்பிடித் துறைமுகம் வந்திருக்கிறது. படகு கட்ட நல்ல வசதி, நம் ஆட்களுக்கு ரொம்ப நாள் தேவை. அதன் வடக்குப் பக்கம் கரை என்ன ஆகிறது என்று நான் நடைப்பயிற்சி போகும்போதெல்லாம் பார்த்துக்கொண்டு வருகிறேன். அப்பா கேலி பண்ணுகிறார்.

ஓசோன் பற்றி ஒரு வார்த்தை. "உலகிலேயே ஓசோன் அதிகம் உள்ள கடற்கரை" என்று இணையத்தில் எங்கே பார்த்தாலும் எழுதியிருக்கிறது. உன் தோழிகளும் படித்துவிட்டு, மூச்சை இழுத்து இழுத்து விடப்போகிறார்கள். ஓசோன் வானத்தில் மேலே இருந்தால் நமக்குப் பாதுகாப்பு. தரையில் மூச்சில் கலந்தால் நுரையீரலுக்குக் கெடுதல். இங்கே அடிப்பது வெறும் கடற்காற்று. நல்ல காற்று, அதுவே போதும். பெருமைக்கு ஓசோன் வேண்டாம்.

இத்தனையும் ஆன பிறகு, சாயங்காலம் நாலரைக்கு மேல் கோட்டைக்குப் போங்கள். ஐந்து மணிக்குப் பூட்டிவிடுவார்களோ என்று அவசரப்படாமல் வாசலில் நேரத்தைக் கேட்டுக்கொள். வெள்ளிக்கிழமை வந்துவிடாதே, எனக்கு ஞாபகம் தெரிந்து அன்றுதான் மியூசியத்துக்கு விடுமுறை. கிளம்புவதற்கு முன் ஒரு போன் போட்டுக் கேட்டுவிடுவது நல்லது. கீழே கிடங்கு, சிறை. மேலே கவர்னர் இருந்த இடம். மேல் தளத்தில் நின்று கடலைப் பாருங்கள், பிறகு திரும்பி ஊரையும் பாருங்கள். எல்லாரும் கடலை மட்டும் பார்த்துவிட்டு இறங்கிவிடுகிறார்கள்.

ஐப்பசி பிறந்த பிறகு வராதீர்கள், மழையில் மாட்டிக்கொள்வீர்கள். புரட்டாசியிலேயே வந்தால் அப்பா மீன் சாப்பிட மாட்டார், அவருக்குத் தனிச் சமையல் எனக்கு. அதனால் தை கழித்து வா. மயிலாடுதுறையில் ரயிலை விட்டு இறங்கினால் பொறையார் பஸ் நிறைய இருக்கிறது, கார் வைக்காதே. யார் யார் மீன் சாப்பிடுவார்கள், யார் சாப்பிட மாட்டார்கள் என்று முன்னாடியே எழுது. வஞ்சிரம் வேண்டும் என்றால் முதல் நாளே சொல்லி வைக்க வேண்டும். உனக்குச் சங்கரா மீன் குழம்பு, அது எனக்குத் தெரியும். என் பழைய அட்லஸை நீ எடுத்துக்கொண்டு போனாயே, அதைத் திருப்பிக் கொண்டுவா.

அன்புடன்,
அம்மா